நானூற்று அறுபது அடி

எங்கள் மனையில் போர்வெல் லாரி
விடியற்காலையிலிருந்து இரைகிறது.
கோட்டையூர்த் தெருவே வெள்ளையாகிவிட்டது.
கொடியில் கிடந்த என் மருந்துக்கடைச் சீருடையை
மாவில் புரட்டியெடுத்த மாதிரி எடுத்து உதறுகிறேன்.

"எத்தனை அடிண்ணே?"
"முன்னூத்தி இருவது. பொகதான்மா வருது."

முன்னூறு தாண்டினால் அடிக்கு ரேட்டு ஏறும்.
அடைக்கலத்துக்கும் அப்படித்தான்,
ஆழத்துக்குத் தக்க கூலி.

இப்போது கப்பலில்தான் இருக்கிறான்.
கப்பலுக்குள் ஓர் இரும்புக் குழல்,
குழலுக்குள் ஆறு பேர், இருபத்தெட்டு நாள்.
கடலடியின் அழுத்தத்தை
அவர்களோடு சேர்த்து உள்ளே பூட்டியிருக்கிறார்கள்.
போனில் வருவது ஹீலியம் குரல், வாத்துக் குரல்.
இன்பா சிரித்தே போனைக் கீழே போட்டாள்.
"பீஸ் கட்டியாச்சா" என்பது
எந்தத் தொண்டையில் வந்தாலும் எனக்குப் புரிகிறது.

நேற்று ஒரு குழாய் மூட்டில் பதினாறு போல்ட்டாம்.
பதினைந்து கழன்றுவிட்டன.
மிச்சம் ஒன்றோடு, நெற்றி விளக்கு காட்டிய அளவில்,
ஆறு மணி நேரம்.
மூச்சுக்கு ஒரு குழாய், பேச்சுக்கு ஒரு கம்பி,
உடம்பு விறைக்காமல் வெந்நீருக்கு ஒன்று,
எல்லாம் ஒரே கொடியாகத் திரிந்து மேலே போகும்.
பெல்லுக்குள் உட்கார்ந்து அதை விட்டுப் பிடிப்பவன்
பேராவூரணிக்காரன் என்றான்.
அன்று கொஞ்சம் தூங்கினேன்.

மாசியில் அவன் அம்மா போனபோது
சூப்பர்வைசர் என்னிடம் கேட்டார்:
இப்போது சொல்லவா, அப்புறம் சொல்லவா?
தண்ணீரிலிருந்து ஏற்றிவிட்டுச் சொல்லுங்கள் என்றேன்.
பம்பாயிலிருந்து மதுரை இரண்டு மணி நேரம்,
மதுரையிலிருந்து வீடு இரண்டு.
அந்த ஒரு கதவு திறக்க மட்டும்
ஐந்தரை நாள்.
அவசரமாய்த் திறந்தால் ரத்தம் சோடாவாய்ப் பொங்குமாம்.
வந்தபோது சாம்பலும் ஆறியிருந்தது.
"யார் கொள்ளி வச்சா?" என்று கேட்டான்,
தன் சொந்தக் குரலில்.

"நானூத்தி அறுவதும்மா! இன்னமும் பாறதான்.
நிறுத்தவா, எறக்கவா?"

குழிக்கருகே போய்க் குனிந்தேன்.
காற்று துப்பிய பொடியில் ஒரு பிடி அள்ளினேன்.
சூடாக இருந்தது.
ஒரு பொட்டு ஈரம் இல்லை.
அவன் நின்று வேலை பார்க்கிற ஆழம்
விரலிடுக்கில் உதிர்ந்தது.

போன் அடித்தது. வாத்து.

"தண்ணி வந்துச்சா?"