கடைசி அட்டை

பனிச்சரிவு சாலையை மூடிய மூன்றாம் நாள்
என் மருந்துக்கடை அலமாரியில் இருந்தது
ஒரே ஓர் அட்டை. பத்து கேப்சூல்.
பாதி சாம்பல், பாதி வெளிர்மஞ்சள்,
எங்கள் ஐஸ்லாந்து வானம்போல
என்று எழுத ஆசைதான்.
ஜனவரியில் இங்கே மஞ்சள் கிடையாது.
நவம்பரில் மலைக்குப் பின்னால் போன சூரியன்
இன்னும் திரும்பவில்லை.

காலை ஒன்பது, கும்மிருட்டு.
ஹ்யால்ட்டி வந்து கதவுக்கு வெளியிலேயே நின்றான்.
படகில் ஐந்து பேர், மூன்று பேர் படுத்தாயிற்று,
நேற்றிரவு எட்டுக்கு எனக்கும் நடுங்கியது என்றான்.
கண் இரண்டும் வெந்த மீனின் கண்.
பதின்மூன்று மணி நேரம், விரலில் எண்ணினேன்.
நாற்பத்தெட்டுக்குள் தொடங்கினால்தான்
இந்த மருந்துக்கு மரியாதை.

அவன் சீட்டு கணினியில் வந்திருந்தது.
அதற்குக் கீழே இன்னொன்று:
ஆல்ஃப்ரூன், அவன் மனைவி,
ஏழு மாதம், ஆஸ்துமா வேறு.
காய்ச்சல் இல்லை. இன்னும்.

படுத்தவனுக்கு
காலை ஒன்று இரவு ஒன்று, ஐந்து நாள்.
படுக்காதவளுக்கு
தினம் ஒன்று, பத்து நாள்.
எப்படிப் பெருக்கினாலும் பத்து.
இருப்பதும் பத்து.

ஆளுக்கு ஐந்து வைக்கலாமே என்றான்,
மீனைப் பங்கு போட்டே பழகிய கை.
பாதி வலையை வீசுவாயா என்றேன்.
பேசவில்லை.

மருத்துவர் தோர்கெர்தூர் மலைக்கு அந்தப் பக்கம்.
தொலைபேசியில் அவனையே கேட்டார்:
மூச்சு வாங்குகிறதா, நெஞ்சு வலிக்கிறதா,
வேறு நோய் உண்டா?
இல்லை, இல்லை, இல்லை.
அப்படியானால் அட்டை அவளுக்கு.
அவளுக்கும் சுட்டால் அந்த நிமிடமே கூப்பிடு,
ஒன்று இரண்டாகும்.

அவன் உடனே தலையாட்டினான்.
பயந்தவர்கள்தான் அத்தனை உடனே ஆட்டுவார்கள்.

இது கிருமியைக் கொல்லுமா என்று கேட்டான்.
கொல்லாது.
ஓர் அறையில் குட்டி போட்ட கிருமி
அடுத்த அறைக்குத் தாவ ஒரு கயிற்றை அறுக்க வேண்டும்.
அந்தக் கத்தரிக்கோலை இது மழுக்கிவிடும்.
அப்போது உள்ளேயே கிடக்குமா?
கிடக்கும்.
எங்களைப் போல என்று
மூடிய சாலைப் பக்கம் பார்த்தான்.

மதியம் பட்டறை ஸ்னைப்யோர்ன் கூப்பிட்டார்.
அந்த மருந்தை அன்னாசிப்பூவிலிருந்து எடுக்கிறார்களாமே,
கிறிஸ்துமஸில் மிஞ்சியது ஒரு பிடி இருக்கிறது,
கொதிக்கவைத்துக் குடித்தால்?
வாய் மணக்கும் என்றேன்.
மரத்துக்கும் படகுக்கும் நடுவே
ஒரு பட்டறை வேண்டும், உங்களுக்குத் தெரியாததா.

ஹ்யால்ட்டி தூண்டில் கொட்டகையில் படுத்தான்.
ஆல்ஃப்ரூன் இரவு ஏழுக்கு ஒன்று விழுங்கினாள்.
இரண்டாம் நாள் வாந்தி.
மருந்தா, பிள்ளையா?
இரண்டில் ஒன்று, சாப்பிட்டபின் போடு என்றேன்.
எனக்கு வேறென்ன தெரியும்.

அவனுக்குக் காய்ச்சல் தொடங்கிய மூன்றாம் மாலை
பனிவண்டி சாலையைக் கிழித்துக்கொண்டு வந்தது,
மூன்று பெட்டி மருந்தோடு.
ஒன்றைத் தூக்கிக்கொண்டு கொட்டகைக்கு ஓடினேன்.
எழுபது மணி நேரம் தாண்டியிருந்தது.
அவன் எழுந்து உட்கார்ந்து காய்ந்த மீனைக் கிழித்துக்கொண்டிருந்தான்.
காய்ச்சல் தானாக இறங்கியிருந்தது.
இருமல் மட்டும்
தரையில் பெட்டி இழுக்கும் சத்தம்.
வை, அடுத்தவன் படுப்பான் என்றான்.
அடுத்த நாளே படுத்தான் ஒருவன்.

பத்தாம் நாள்
மலை விளிம்பில் சூரியன் வந்தது, நான்கு நிமிடம்.
அன்றைக்கு ஊர் முழுக்கப் பான்கேக் சுடுவது வழக்கம்.
ஆல்ஃப்ரூன் தட்டோடு வந்தாள்.
கடைசியை இப்போதே போட்டுவிட்டேன் என்று
காலி அட்டையை மேசையில் வைத்தாள்,
பத்து ஓட்டை.

மருந்து காத்ததா, கொட்டகை காத்ததா,
வெறும் அதிர்ஷ்டமா?
வராத காய்ச்சலுக்குச் சாட்சி கிடையாது.

ஹ்யால்ட்டி பழக்கத்தில் வெளியிலேயே நின்றான்.
உள்ளே வாயேன் என்றேன்.
வந்தான். இருமினான்.
நான் போய்க் கை கழுவிவிட்டு வந்து
பான்கேக்கை எடுத்தேன்.