எட்டாம் கிழமை

பனியன் கம்பெனிப் பண்டல் சீட்டுகளின் பின்பக்கம்
இல்லாத நாடொன்றுக்குப் பஞ்சாங்கம் எழுதுகிறேன்.
அங்கே நிலா இரண்டு.
பெரியது சனிக்கிழமைச் சம்பளம், தவறாது.
சின்னது போனஸ்;
சொன்ன தேதிக்கு வராது.
ஆறு எந்த நிறத்தில் ஓடுகிறதோ
அதுவே மாதத்தின் பெயர்.
நொய்யலைப் பார்த்து எடுத்ததுதான், ஒளிப்பானேன்.
ஊதா மாதத்தில் யாரும் பெண் கேட்டு வருவதில்லை.

நேற்று கணக்கு இடித்தது.
என் தளபதி வஞ்சியம்மாள்
பிறப்பதற்கு நாலு வருசம் முன்பே
போருக்குப் போயிருக்கிறாள்.

சிரித்துவிட்டேன்.
பெருமாநல்லூர்ப் பள்ளிக்கூடத்தில்
என்னைச் சேர்க்கும்போது அம்மா சொன்னது
"கடலைக்கா புடுங்குன வாரமுங்க."
வாத்தியார் எழுதியது ஜூன் ஒன்று.

அதனால் வாரத்துக்கு எட்டுக் கிழமை வைத்தேன்.
எட்டாவதை எண்ணக்கூடாது.
அன்று பிறந்தவரிடம்
வயது கேட்பது குற்றம்.

"கண்ணு, ஞாயித்துக்கெழமை வந்துருங்க,
ஷிப்மெண்ட் நிக்குது"
என்றார் சூப்பர்வைசர்.
சரிங்க என்றேன்.

ஓவர்லாக்கில் நூல் கோத்துக்கொண்டே
வஞ்சியம்மாளை
எட்டாம் கிழமைக்குள் படுக்க வைத்தேன்.
எழுப்பப் போன தூதனின் குதிரைக்கு
ஒரு லாடம் கழன்றது.
நான்தான் கழற்றினேன்.