நாலாவது டேக்

களியக்காவிளைக்கு அந்தப்பக்கம் நான் தமிழன்:
லாரி டிரைவர், ஒருமுறை பிள்ளைபிடிக்காரன்.
இந்தப்பக்கம் சாயாக்கடை நாயர்.
இரண்டிலும் குரல் வேறு எவனுடையதோ.

நேற்று பாறசாலையில் பிணம்.
மூக்கில் பஞ்சு, நெற்றியில் ஒற்றை ரூபாய்.
"மூச்சு விடாதீங்க ஸ்டீபன்சன் அண்ணே."
அடக்கிய மூச்சுக்குள்
ஒரு மெட்டு வந்து உட்கார்ந்தது,
எடுப்பு கொஞ்சம் தள்ளி.

நாலு டேக்.
மகளாக வந்த பெண் கடைசியில் நிஜமாகவே அழுதாள்;
அவள் விக்கலைத் தாளமாக வைத்துக்கொண்டேன்.

கட் சொன்னதும் பேப்பர் தேடினேன்.
எனக்கென்று தந்த வசனத்தாள்
இருபுறமும் வெள்ளை.

கடைசி பஸ். செக்போஸ்டில் ஏறிய போலீஸ்காரர்
டார்ச்சை என் முகத்தில் நிறுத்தினார்:
"நீங்க செத்துப்போனவருதானே?"

"ஆமா சார்," என்றேன்,
சரணத்தில் ஒரு சொல்லை அடித்தபடி.