முந்தின வாரா

ஆண்டுக்கு நானூற்று மூன்று நாள்
என்று ஒரு செவ்வாய்க்கிழமை முடிவானது,
ஈஜிபுரா சிக்னலுக்கு மேலே, நான்காவது மாடியில்.
பதின்மூன்று மாதம். மாதத்துக்கு முப்பத்தொன்று.
இரண்டு நிலா.
பெரியது ஆழி, நிதானம்.
சின்னது மின்னி, கடன்காரனைப் பார்த்துவிட்டதுபோல் ஓடும்.
மீதி உன் பாடு என்றார் பிரிஜேஷ்,
கேம் தீபாவளிக்கு வெளியாகணும்.
தீபாவளி இங்கே.
அங்கே நான் இன்னும் ஒரு பண்டிகைகூட வைக்கவில்லை.

மாதங்களுக்குப் பெயர் வைத்தேன்.
எறும்புப் பெயர்ச்சி.
உமிக்காற்று.
ஊரெல்லாம் பூட்டுக்கு எண்ணெய் விடும் மாதம் ஒன்று,
அதற்குப் பெயர் வாய்க்கவில்லை, அப்படியே கிடந்தது.
வாரத்துக்கு எட்டு நாள்,
கடைசி நாள் எட்டாநாள்.
எட்டாவதா, கைக்கு எட்டாததா
என்று கேட்க அந்த மாடியில் வேறு தமிழ் இல்லை.
ஐம்பது வாரம் போக மூன்று நாள் மிஞ்சியது.
சில்லறைக்குப் பதிலாகக் கடைக்காரர் தரும் மிட்டாய் மாதிரி
கையில் வைத்துக்கொண்டு நின்றேன்.

மதியம் சாப்பிட்டதும் நஞ்சுண்டப்பாவுக்குப் போன் செய்வேன்.
பழைய வீட்டுக்காரர்
(வீட்டுக்குச் சொந்தக்காரர் என்ற அர்த்தத்தில்).
பத்து மாத அட்வான்ஸ் அவரிடம்.
ஆளுக்குப் பாதி போட்டோம், நானும் மதியழகனும்.
காலி செய்தபோது ஆளுக்கொரு டெம்போ,
ஃபிரிட்ஜ் அவனுக்கு, மிக்ஸி எனக்கு.
அட்வான்ஸ் மட்டும்தான்
இன்னும் சேர்ந்து இருக்கிறது.

முந்தின வாரா, என்பார் நஞ்சுண்டப்பா.
ஊருக்கு வந்த புதிதில், இதே சொல்லுக்காக,
தண்ணி லாரிக்காரரிடம் சண்டைக்கே போனேன்:
போன வாரம் எங்கே ஊற்றினீர்கள்?
மதியழகன் சிரித்துக்கொண்டே உள்ளே இழுத்தான்.
கோலார் தங்கவயல்காரன்,
இரண்டு மொழியிலும் கனவு காண்பவன்.
'நமக்கு முந்தினது முடிஞ்சுபோச்சு.
அவங்களுக்கு முந்தினது முன்னால நிக்குது.
சொல்லு ஒண்ணுதான்.
நீ கொஞ்சம் திரும்பி நில்லு.'

அந்த மூன்று நாளை
ஆழியும் மின்னியும் இல்லாத இருட்டில் வைத்தேன்.
நடுவே ஓர் ஆறு.
இக்கரையில் அந்த நாட்கள் வந்து போய்விட்டன,
அக்கரையில் இனிமேல்தான்.
கொடுத்துவிட்டேன் என்பவனும்
காத்திருக்கிறேன் என்பவளும்
ஒரே படகில் வருவார்கள்.
இரண்டு பேரும் பொய் சொல்லவில்லை.

பத்தாம் நாள் ஷபீனாவிடமிருந்து பிழை அறிக்கை:
உமிக்காற்றில் செத்துப்போன படகோட்டி
சந்தையில் உட்கார்ந்து கெளுத்தி விற்கிறான்.
அவசரம்.
பிழை இல்லை என்று எழுதினேன்,
அக்கரையில் அவன் இன்னும் சாகவில்லை.
பிரிஜேஷ் வந்து என் நாற்காலிக்குப் பின்னால் நின்றார்.
மூன்று நாளை எடுத்துவிடு,
நானூறு, முழு எண், பார்க்கவும் நன்றாயிருக்கும்.

எடுத்தேன்.
பெயரில்லாத மாதத்துக்கு இருபத்தெட்டுதான் இப்போது.
அது கேட்காது என்று தெரியும்.

வியாழக்கிழமை காலை, பல் தேய்க்கும்போது,
வங்கியிலிருந்து செய்தி.
பெயின்ட் கூலி, உடைந்த குழாய் போக
மொத்தமும் வந்துவிட்டது.
அவன் பாதியைத் தனியே எடுத்து வைத்தேன்.
அனுப்பவில்லை.
ஒன்பது நாள்,
அந்த ஊர்க் கணக்கில் ஒரு வாரமும் ஒரு நாளும்.

பிறகு அவனே கூப்பிட்டான்.
பின்னால் பஸ் சத்தம், யாரோ யாரையோ திட்டுகிறார்கள்.
'நஞ்சுண்டப்பா கொடுத்தாரா?'
முடியாத மேம்பாலத்தின் தூண்களைப் பார்த்தபடி
முந்தின வாரா, என்றேன்.

கொஞ்ச நேரம் பஸ் மட்டும் பேசியது.
'சரி. அப்ப நானும் முந்தின வாரா கூப்பிடறேன்'
என்று வைத்துவிட்டான்.

எந்தப் பக்கம் திரும்பி நின்று சொன்னான் என்று
போனில் தெரியவில்லை.