பதினோராவது வார்டு

இரவு ஷிப்ட். மூன்று மோட்டார், ஒன்று ரிப்பேர்.
ஜன்னலுக்கு வெளியே கல்லணை
மதகு மதகாய் மூச்சு விடுகிறது.
சிமென்ட் காணாத அடிக்கல்,
மணலில் புதைந்து புதைந்தே
நிற்கப் பழகிய கல்.

வால்வு பெட்டியில் யாரோ கிறுக்கிவைத்த என் நம்பருக்கு
சுக்காம்பட்டியிலிருந்து போன் வரும்.
"பதினோராவது வார்டு, ஆரோக்கியமேரி பேசுறேன்.
ஒம்பது நாளாச்சு சார்."
சார் என்பது நான். தினக்கூலி ஒப்பந்தம்.
கரண்ட் இல்லை என்பேன், பைப் உடைந்தது என்பேன்.
அறுபது கிலோமீட்டருக்குப்
பொய்யும் நிஜமும் ஒரே குழாயில்தான் போகின்றன.

ஆடிப் பதினெட்டுக்கு மறுநாள்
அவளே பஸ் ஏறி வந்துவிட்டாள்,
கையில் ரேஷன் கார்டு. எதற்கென்று நான் கேட்கவில்லை.
கரையோரம் காதோலை ஒதுங்கிக் கிடந்தது.
காவிரி, வெண்ணாறு, புது ஆறு, கொள்ளிடம்
நான்கையும் விரல்விட்டு எண்ணினாள்.
"இதுல எங்க தண்ணி எது?"

எந்தப் பக்கம் கை காட்டுவது?

படியிறங்கி ஒரு கை அள்ளிக் குடித்தாள்.
இன்னொரு கை.
"ப்ளீச்சிங் வாசமே இல்லியே.
இது எங்க தண்ணி இல்ல."

விடிகாலை நாலுக்கு உங்கள் தொட்டியில் ஏறிவிடும் என்றேன்.
"பாக்கலாம்" என்று கார்டை இடுப்பில் செருகிக்கொண்டாள்.

கடைசி பஸ் போனபின் பதிவேட்டில் எழுதினேன்:
இரண்டாம் மோட்டார், 9.40, ஓட்டம்.
குறிப்பு என்ற கட்டத்தில் வழக்கம்போல் ஒரு கோடு.
கோடு கொஞ்சம் நீண்டு
நாளைய கட்டத்துக்குள் போய்விட்டது.