பதினான்கு நொடி

செல்லூரில் மாடியறை.
கீழே விசைத்தறி ஓடுகிறவரை
காதில் ஹெட்போனை இறுக்கிக்கொள்வேன்.
கரண்ட் போனால் இரண்டு பேருக்கும் ஓய்வு.

நாற்பத்து மூன்று மணி நேரம் எடுத்து வந்தார்கள்,
ஐம்பத்திரண்டு நிமிடம் கேட்டார்கள்.
மிச்சத்தைப் பார்த்தவன் நான் ஒருத்தன்தான்.
கேமராவை நிறுத்த மறந்ததால் பதிவான செருப்புகள்,
மைக் மாட்டும்போது முந்தானையை இழுத்துவிடும் கை,
"முடிஞ்சிருச்சாப்பா?" என்று கேட்டபின்
முகத்தில் திரும்ப வந்து உட்காரும் முகம்.

மேலூருக்கு அந்தப் பக்கம் ஒரு கல்குவாரி.
ஆண்டிச்சி பேசுகிறாள்.
பேச்சு, திரையில் ஒரு கோடு. மேடு, பள்ளம், மேடு.
இருமல் மட்டும் பனைமரம் மாதிரி
நெட்டுக்குத்தாக நிற்கும்.
மொத்தம் பத்தொன்பது.
"கேக்கவே கஷ்டமா இருக்கு, எடுத்துருங்க" என்றார்கள் சேனலில்.
எடுத்தேன்.
எடுத்த இடம் குழியாகத் தெரியாமலிருக்க
குவாரி சும்மா இருக்கும் சத்தத்தில் கொஞ்சம் வெட்டி
ஒட்டுப்போட்டேன்.
ஒட்டு தெரிந்தால் எனக்குச் சம்பளம் கிடையாது.
அன்றிரவு அவள் ஒரு தடவைகூட இருமாமல்
தன் புருஷன் செத்த கதையைச் சொல்லி முடித்தாள்.

போன வியாழக்கிழமை, மாட்டுத்தாவணி.
கையில் டீ கிளாஸ். முதுகுக்குப் பின்னால்
ஓர் இருமல்.
ஒன்பதாவது.
சின்னதாய் இரண்டு, ஓர் இழுப்பு, அப்புறம் பெரியது.

திரும்பினேன்.
கக்கத்தில் எக்ஸ்ரே கவர்.
"மேலூர் வண்டி போயிருச்சாப்பா?"
இடது கண் சுருங்கினால் அடுத்து என்ன சொல்வாள் என்று
எனக்குத் தெரியும்.
நான் யாரென்று அவளுக்குத் தெரியாது.
"இப்பத்தான் போச்சு. பத்து நிமிசத்துல அடுத்தது."

பத்து நிமிடம்.
வெட்ட முடியாத பத்து நிமிடம்.
அவள் இருமிக்கொண்டிருந்தாள்.
பூ விற்கிறவள் நகர்ந்து உட்கார்ந்து இடம் கொடுத்தாள்.
டீ ஆறிப்போனது.

ராத்திரி கோப்பைத் திறந்தேன்.
பத்தொன்பதையும் திருப்பி வைக்கத் தைரியமில்லை.
'புருஷன்' என்ற சொல்லுக்கு முன்னால் இருந்ததை மட்டும்:
இருமி, தண்ணீர் குடித்து, டம்ளரைக் கீழே வைக்கிறது வரை
பதினான்கு நொடி.
ஐம்பத்திரண்டுக்கு மேல் ஒரு ஃப்ரேம் போனாலும் திருப்பி அனுப்புவார்கள்.
முன்னும் பின்னும் ஓட்டித் தேடினேன்.
யானைமலைக்குப் பின்னால் சூரியன் எழும்புகிற ஷாட்,
டைரக்டர் ஜெபமணி மூன்று விடியல் பனியில் நின்று எடுத்தது,
பதினாறு நொடி.
தூக்கினேன்.
மிஞ்சிய இரண்டு நொடியை
டம்ளர் வைத்தபின் அவள் சும்மா இருப்பதற்குக் கொடுத்தேன்.

காலையில் போன்.
"ஏப்பா, என் சூரியன் எங்க?"
கீழே தறி ஓட ஆரம்பித்திருந்தது.
"சத்தமா இருக்குண்ணே,
அப்புறம் பேசுறேன்" என்றேன்.