மாமியார் திரும்புகிறாள், நான்கு விநாடி

களியக்காவிளையில்
ரப்பர் ஷீட் அடுக்கும் கிடங்கின் மாடியில் இருக்கிறோம்.
புகைப்புரை வாடை கிட்டார் உறைக்குள் ஏறிவிட்டது.
கல்லூரி விழாக்களில் நாங்கள் மேடையேறினால்
முதல் வரிசைக்காரர்கள் மூக்கைத் தொடுவார்கள்,
பிறகுதான் காதை.

தொடங்கும்போது எலிசபா எழுதிய பதினேழு பாட்டு இருந்தது.
ஒன்றில், குழித்துறையில் நிற்காமல் போன ரயில் மேல் கோபம்.
இன்னொன்று முழுக்க அவளுடைய ஸ்கூட்டரைப் பற்றி.
இப்போது இருப்பது ஒரு பட்டியல்:

மாமியார் திரும்புகிறாள், நான்கு விநாடி.
கதவுக்குப் பின்னால் மருமகள் கேட்டுவிட்டாள், ஆறு.
அழுகை ஒன்று.
அழுகை இரண்டு.
அழுகை மூன்று, மடியில் குழந்தை இருந்தால் மட்டும்.

திருவனந்தபுரத்திலிருந்து போன் வரும்:
"கொறச்சுகூடி சங்கடம் வேணும், கேட்டோ."
ஷைஜு டிஸ்டார்ஷனை அணைத்துவிட்டு
கம்பியை மெல்ல வளைப்பான்.
சங்கடம் கொறச்சுகூடி வரும்.

அதே தொடர் தமிழிலும் பேசுகிறது.
அங்கே ஒருத்தி அழுததை
இங்கே வேறு பெயரில் வேறு குரலில் அழுகிறார்கள்.
அடியில் ஓடுவது என்னுடைய ஒரே பேஸ் கிட்டார்.
பில் மட்டும் இரண்டு.
எல்லைக்கு அந்தப் பக்கம் போனால் வரி ஒன்று;
இந்தப் பக்கம் வந்தால் அதே வரி
பாதி பாதியாகப் பிளந்து நிற்கும்.
எங்கள் இசையை முழுதாகப் புரிந்துகொண்ட ஒரே ஆள்
ஆடிட்டர் ஜான்ரோஸ்.

பிறகு ஒரு சினிமா.
துரத்தல் காட்சி, இரண்டே கால் நிமிடம்.
"உங்க பேண்டு எப்படியோ அப்படியே அடிங்க" என்றார் டைரக்டர்.
ஏழு வருஷமாக யாரும் சொல்லாத வாக்கியம்.
அன்றிரவே அடித்தோம்.
ஜெஸ்டினின் குச்சி முறிந்து ஆஸ்பெஸ்டாஸில் பட்டது.
எலிசபா வார்த்தையே இல்லாமல் கத்தினாள்.
நாற்பத்தொன்றாவது விநாடியில்
செக்போஸ்டில் நின்ற மீன்லாரி ஒன்று
பொறுமை போய் ஹார்ன் அடித்தது.
திரும்ப எடுக்கலாமென்றால் மழை வந்துவிட்டது.
அப்படியே அனுப்பினோம்.

மார்த்தாண்டத்தில், முதல் நாள், இரண்டாம் ஆட்டம்,
நாலு பேரும் ஒரே வரிசை.
நாயகன் ஓடுகிறான். செருப்புச் சத்தம், மூச்சுச் சத்தம்.
டிரம்ஸ் இல்லை, கிட்டார் இல்லை, எலிசபா இல்லை.
திடீரென்று, பல் கூசும்படி,
ஹார்ன்.
தியேட்டர் முழுக்க விசில்.

யார் அந்த லாரிக்காரரோ.
எந்தக் கடற்கரை மத்தியோ, எவ்வளவு ஐஸ் மிச்சமிருந்ததோ.

ஜெஸ்டினால் முடியவில்லை.
ஹார்னுக்குப் பின்னால் விழவேண்டிய அடியை
நாற்காலிக் கைப்பிடியில் அடித்தான்.
நான் முட்டியில் சேர்ந்தேன்.
ஷைஜு பல்லிடுக்கில்.
எலிசபா மட்டும் பாப்கார்ன் காகிதத்தை
சின்னதாய், இன்னும் சின்னதாய்
மடித்துக்கொண்டிருந்தாள்.

முன்வரிசை அம்மாள் திரும்பினாள்.
நான்கு விநாடி.
அதற்கான இசை
எங்களிடம் இருந்தது.